சிறைக்குள் பிறந்த கணக்கு

ஒரு பந்தின் மீது ரப்பர் பேண்டைச் சுற்றிப் பாருங்கள். மெல்ல நகர்த்தினால் நழுவி விழுந்துவிடும். சரி, ஒரு கோளத்தையே இன்னொரு கோளத்தின் மீது எத்தனை விதமாகச் சுற்றலாம்? இது பெரிய கணித மேதைகளையே திணறடித்த கேள்வி! இதற்கு வழி காட்டியவர்களில் ஒருவர் ழான் லெரே.

இவர் 1906ம் ஆண்டு, பிரான்ஸ் நாட்டில் நான்த் நகருக்கு அருகே பிறந்தார். நீரின் ஓட்டத்தைக் கணக்கிடுவதில் வல்லவர். இரண்டாம் உலகப்போரில் ராணுவ அதிகாரியாக இருந்தபோது, 1940ல் ஜெர்மானியரிடம் பிடிபட்டார். ஆஸ்திரியாவில் எடல்பாக் முகாமில் சுமார் ஐந்து ஆண்டுகள் சிறை!

தன் திறமை தெரிந்தால் எதிரிகள் போர் வேலைக்குப் பயன்படுத்துவார்களே என்று அஞ்சினார். எனவே அதை மறைத்து, வடிவங்களைப் பற்றிய கணிதமான 'டோபாலஜி'யில் இறங்கினார். சக கைதிகளுக்காக முகாமில் நடந்த பல்கலைக்கழகத்துக்குத் தலைமையும் ஏற்றார்.

அங்கு செய்த ஆராய்ச்சியின் பயனாக, 1946ல் 'ஸ்பெக்ட்ரல் சீக்வன்ஸ்' என்ற முறையை வெளியிட்டார். ஒரே மூச்சில் போட முடியாத கணக்கைப் பக்கம் பக்கமாகப் போடும் முறை இது. ஒவ்வொரு பக்கத்திலும் வேண்டாதவை நீங்க, விடை நெருங்கி வரும்.

1951ல் ழான்-பியர் செர் என்ற இளைஞர் இம்முறையைக் கோளக் கணக்கில் பயன்படுத்தினார். சில வகைகளைத் தவிர மற்றவற்றில், சுற்றும் விதங்களுக்கு ஓர் எண்ணிக்கை உண்டு என்று நிரூபித்தார். 1954ல் பீல்ட்ஸ் பதக்கமும் பெற்றார்.

லெரே 1998ல் மறைந்தார். கடினமான கணக்கைக் கண்டு மலைக்கிறீர்களா, பிள்ளைகளே? முதல் பக்கத்தை எழுதுங்கள். அடுத்த பக்கம் தெளிவாகும்!