அஷ்ரப்பின் துறைமுகமும் வாப்பாவின் கரைவலையும்

ஒலுவில் கடற்கரைக்கு வருபவர்களின் கண்ணில் முதலில் படுவது கலங்கரை விளக்கம். 1999 இல் அது எழுந்தபோது, பக்கத்திலேயே துறைமுகம் வரும், பிள்ளைகள் வேலை தேடி வளைகுடாவுக்குப் போகத் தேவையில்லை என்று ஊரெல்லாம் பேச்சு. கரைவலைக்காரரான என் வாப்பாவும் அதை நம்பினார். அந்த நம்பிக்கையைத் தந்தவர் மர்ஹூம் எம்.எச்.எம். அஷ்ரப்.

1948 ஒக்டோபர் 23 இல் சம்மாந்துறையில் பிறந்தவர் அவர். வளர்ந்தது கல்முனையில். சட்டத்தரணியானார். கவிதையும் எழுதினார். 1977 தேர்தலில் தமிழர் விடுதலைக் கூட்டணியின் மேடைகளில் பேசியவர், 1981 இல் காத்தான்குடியில் முஸ்லிம் காங்கிரஸைத் தொடங்கினார். எண்பதுகளின் நடுவில் எங்கள் பகுதியில் தமிழரும் முஸ்லிம்களும் ஒருவரையொருவர் அஞ்சத் தொடங்கிய நாட்களில் கொழும்புக்குக் குடிபெயர்ந்தார். 1989 இல் நாடாளுமன்றம் சென்றார். 1994 இல் துறைமுகங்கள், புனர்வாழ்வு, புனரமைப்பு அமைச்சரானார்.

யுத்தத்துக்குள் அவர் கட்டியவற்றில் நிலைத்தது தென்கிழக்குப் பல்கலைக்கழகம். 1995 இல் பல்கலைக்கழகக் கல்லூரியாகத் தொடங்கி, 1996 இல் முழுப் பல்கலைக்கழகமாகி, இன்று ஒலுவிலில் நிற்கிறது. என் உறவுப் பிள்ளைகள் பலர் அங்கே படித்தார்கள். துறைமுகம் மட்டும் அவர் கண்முன் எழவில்லை. 2000 செப்டெம்பர் 16 இல் அம்பாறை நோக்கி வந்த ஹெலிகொப்டர் அரநாயக்க மலைப்பகுதியில் விழுந்தது. அப்போது அவருக்கு 51 வயது. அன்று வாப்பா வலை இழுக்கப் போகவில்லை.

துறைமுக வேலை 2008 இல் டென்மார்க் கடனுதவியுடன் தொடங்கியது. 2013 செப்டெம்பரில் திறந்தார்கள். ஆனால் எங்கள் கரையில் மணல் தெற்கிலிருந்து வடக்கே நகர்ந்துகொண்டே இருப்பது. அலைதடுப்புச் சுவர் அதை மறித்தது. துறைமுக வாயில் மணலால் தூர்ந்தது, படகுகள் உள்ளே போக முடியாமல் நின்றன. மணல் கிடைக்காத வடக்குக் கரையை, நிந்தவூர்ப் பக்கம்வரை, கடல் அரித்தது. தென்னைகள் சாய்ந்தன. கரைவலை இழுக்க நீண்ட மணற்கரை வேண்டும். வாப்பாவின் வாடி நின்ற இடத்தில் இப்போது அலை அடிக்கிறது.

நீரை மறித்துக் கட்டினால் அதற்கொரு கடன் பிறக்கிறது. அமெரிக்காவின் கொலம்பியா ஆற்றில் 1942 இல் கிராண்ட் கூலி அணையைக் கட்டி முடித்தார்கள். கடலிலிருந்து முட்டையிட ஆறேறி வரும் சல்மன், ஸ்டீல்ஹெட் மீன்களுக்கு அதில் வழி வைக்கவில்லை. ஈடாக, அணைக்குக் கீழே லெவன்வர்த்தில் மீன்குஞ்சுப் பொரிப்பு நிலையம் அமைத்தார்கள். கீழே மீன் வந்தது. மேலே வாழ்ந்த பழங்குடிகளுக்கு வரவில்லை. அவர்கள் எண்பது ஆண்டுகளாகக் கேட்டுக் கேட்டு, அண்மையில்தான் அணைக்கு மேலே சல்மனை மீண்டும் விடும் வேலை நடக்கிறது.

நம் மாவட்டத்திலும் இதற்கு ஓர் உதாரணம் உண்டு. 1949 இல் தொடங்கிய கல்லோயாத் திட்டம் பட்டிப்பளை ஆற்றை மறித்துச் சேனநாயக்க சமுத்திரத்தை உண்டாக்கியது. இங்கினியாகலையில் மீன்குஞ்சு நிலையம் இருக்கிறது. கட்லா, ரோகு போன்ற கெண்டை இனங்கள் தேங்கிய நீரில் தாமாகப் பெருகுவதில்லை. ஹோர்மோன் ஊசி போட்டு முட்டையிட வைத்து, குஞ்சுகளை வளர்த்துக் குளத்தில் விடவேண்டும். ஒருமுறை விட்டால் போதாது, தொடர்ந்து விடவேண்டும். 1990 இல் அரசு நன்னீர் மீன்வளர்ப்பிலிருந்து கையை எடுத்தபோது அந்தத் தொடர்ச்சி அறுந்தது. 1994 இற்குப் பின்னரே ஆதரவு திரும்பியது.

எங்கள் கரைக்கும் அப்படித் தொடர்ந்து செய்யவேண்டிய வேலை இருக்கிறது. வாயிலில் சேரும் மணலை அள்ளி வடக்குக் கரையில் போடவேண்டும். ஒவ்வொரு ஆண்டும் போடவேண்டும். துறைமுகத்தின் செலவுக் கணக்கில் அதுவும் சேரவேண்டும்.

அஷ்ரப் இருந்திருந்தால் இப்படி நடந்திருக்காது என்று ஊரில் இன்றும் சொல்கிறார்கள். எனக்கு அவ்வளவு உறுதியில்லை. மணல் எந்த அமைச்சருக்கும் கட்டுப்படாது. ஆனால் கரை போனவர்கள் போய்த் தட்ட ஒரு கதவு இருந்திருக்கும் என்று வாப்பா சொல்வார். அதை நான் மறுத்ததில்லை.