அன்னம் ஆகாத ஆண்டர்சன்

குரூப் போட்டோன்னா கடைசி வரிசைக்கு நழுவுற ஆளா நீங்க? அப்போ ஹான்ஸ் கிறிஸ்டியன் ஆண்டர்சன் உங்க ஆளு. அசிங்கமான வாத்துக்குஞ்சு கடைசியில் அன்னமாக மாறும் கதையை எழுதியவர். டிஸ்னி அதை 1931-லும், மறுபடி கலரில் 1939-லும் கார்ட்டூனாக எடுத்தது. இரண்டாவதுக்கு ஆஸ்கர் கிடைத்தது.

ஆண்டர்சன் 1805-ல் டென்மார்க்கில் ஓடென்சே என்ற ஊரில் பிறந்தார். அப்பா செருப்புத் தைப்பவர், அம்மா துணி துவைப்பவர். ஒல்லியான, நெட்டையான உடம்பு, பெரிய மூக்கு. 14 வயசில் நடிகனாகணும்னு தனியாக கோபன்ஹேகன் கிளம்பிட்டார். பாட்டு, டான்ஸ், நடிப்பு எல்லாம் முயன்றார். குரல் உடைந்தது, உடம்பு டான்ஸுக்கு ஒத்துவரலை. தியேட்டர் நிர்வாகி யோனாஸ் கொலின் உதவியால் 17 வயசில் பள்ளிக்கூடம் போனார். கூடப் படித்தவர்கள் எல்லாம் பொடிப் பசங்க. ஹெட்மாஸ்டரே கிண்டல் பண்ணுவார்.

1843-ல் வாத்துக்குஞ்சு கதை வந்தபோது அவருக்கு 38 வயசு. நல்ல பெயர் வந்துவிட்டது. ஆனா கூச்சம் மட்டும் போகலை.

இனிமேல்தான் பிளாக் காமெடி. 1857-ல் இங்கிலாந்தில் சார்லஸ் டிக்கன்ஸ் வீட்டுக்கு இரண்டு வார விருந்தாளியாகப் போனார். ஐந்து வாரம் தங்கினார்! காலையில் அந்த வீட்டுப் பையனையே தனக்கு ஷேவ் பண்ணிவிடச் சொன்னார். தன் புத்தகத்துக்கு மோசமான விமர்சனம் வந்ததும் புல்தரையில் குப்புறப் படுத்து அழுதார். அவர் கிளம்பிய பிறகு, அந்த ஐந்து வாரமும் குடும்பத்துக்கு ஒரு யுகமாக இருந்ததாக டிக்கன்ஸ் ஒரு சீட்டு எழுதி அந்த ரூமில் வைத்தார். அப்புறம் நட்பும் முடிந்துபோனது.

தீப்பிடித்தால் ஜன்னல் வழியே தப்பிக்க, ஊர் ஊராக ஒரு கயிற்றைத் தூக்கிக்கொண்டே திரிந்தார். தூங்கும்போது உயிரோடு புதைத்துவிடுவாங்களோன்னு பயந்து, பார்க்கத்தான் செத்த மாதிரி இருக்கேன்னு எழுதிப் பக்கத்தில் வைத்துக்கொள்வார். கல்யாணம் ஆகலை. 1875-ல் இறந்தார்.

கதையில் கடைசியில் குஞ்சு அன்னமாகிடும். ஆண்டர்சனுக்கு 70 வருஷத்திலும் அது நடக்கலை. அதே மூக்கோடும் அதே கூச்சத்தோடும்தான் 150-க்கு மேல் கதை எழுதினார்.

ஜிம் போய் உடம்பு தேறட்டும், பிளேஸ்மென்ட் ஆகட்டும், அப்புறம் நாலு பேரோட பேசிக்கலாம்னு நீங்க தள்ளிப்போட்டுட்டு இருந்தா, ஒண்ணு மட்டும் நினைச்சுக்கோங்க: அவர் அன்னமாகும் வரைக்கும் காத்திருக்கலை.