ஓயாத கலைப்பயணம்

சபாவின் சண்டாக்கானுக்கு விற்கப்பட்ட ஜப்பானியப் பெண்ணைப் பற்றிய 1974ஆம் ஆண்டுத் திரைப்படத்தில்தான் கினுயோ தனாகாவை முதன்முதலில் கண்டேன். அந்த மூதாட்டி யாரெனத் தேடினேன்.

1909இல் ஷிமோனோசெக்கியில் பிறந்தவர், 14 வயதில் ஊமைப்படத்தில் அடியெடுத்து வைத்தார். 1931இல் ஜப்பானின் முதல் முழுநீளப் பேசும்படத்தில் நாயகியானார். 1950இல் அமெரிக்கப் பயணம் முடித்து மேலைநாட்டுக் கோலத்தில் திரும்பியவரைப் பத்திரிகைகள் தூற்றின. துவண்டார், ஆனால் ஓயவில்லை. 1952இல் மிசோகுச்சியின் படத்தில் ஒஹாருவாக வாழ்ந்து காட்டினார். அந்த மிசோகுச்சியே எதிர்த்தபோதும் இயக்குநராகி, ஆறு படங்களைத் தந்தார். 1975இல், 65 வயதில், சண்டாக்கான் படத்திற்காகப் பெர்லின் விழாவில் சிறந்த நடிகையானார். 1977இல் மறைந்தார்.

தூற்றலுக்கு அவர் தந்த மறுமொழி உழைப்பே. தேர்வில் ஒருமுறை சறுக்கியதும் எல்லாம் முடிந்ததென எண்ணிய எனக்கு, அவர் வாழ்வே பாடம்.