ஜோடி வேண்டாம், லட்ச ரூபாய் வேண்டும்!

உளுந்தூர்பேட்டை பக்கம் கோயில் திருவிழான்னா, விடியற்காலையிலேயே குழாய் ஸ்பீக்கரில் கே.பி.சுந்தராம்பாள் குரல் கேட்டிருப்பீங்க. ஆனால், மைக்கை நம்பிப் பாடக் கற்றவர் இல்லை அவர்.

1908-ல் கொடுமுடியில் பிறந்தவர். வீட்டில் வறுமை, ரயிலில் பாடிக் காசு சேர்த்த சிறுமி, நாடக மேடைக்கு வந்தார். மேற்கே ஆபெரா பாடகர்கள் மாதிரிதான் நம்ம நாடகக்காரர்களும். கடைசி வரிசை வரைக்கும் தொண்டையே போய்ச் சேரணும்!

மேடை ஜோடி எஸ்.ஜி.கிட்டப்பாவையே மணந்தார். கிட்டப்பாவுக்கு ஏற்கெனவே மனைவி உண்டு. மனஸ்தாபம், பிரிவு... 1933-ல் கிட்டப்பா இறந்தபோது சுந்தராம்பாளுக்கு வயது 25. பிரிந்திருந்தவர்தான், ஆனாலும் வெள்ளைப் புடவைக்கு மாறினார். இனி எந்த ஆணோடும் ஜோடியாக நடிப்பதில்லை என்று முடிவெடுத்தார்.

தமிழில் பேசும்படம் வந்தே அப்போது சில வருஷம்தான். 'நந்தனார்' படத்துக்குக் கூப்பிட்டார்கள். தட்டிக்கழிக்கத்தான் லட்ச ரூபாய் கேட்டார் என்பார்கள். கொடுத்தே விட்டார்கள்! 1935-ல் வெளியான அந்தப் படத்தில் நந்தனாரே இவர்தான். ஆண் வேடம், ஜோடிப் பிரச்னையே இல்லை. 1953-ல் ஜெமினியின் 'ஔவையார்'. கிழவிக்கு ஏது ஜோடி?

1965-ல் 'திருவிளையாடல்' படத்தில் மறுபடியும் ஔவையார். வயசு 50-ஐத் தாண்டியாச்சு. 1980-ல் காலமானார். திருவிழா ஸ்பீக்கரில் நாம கேட்பது பெரும்பாலும் அந்த வயசுக் குரல்தான்.