சாம் ஹூஸ்டனும் டெக்சாஸ் எல்லையும்

நாடுகளின் எல்லைகளுள் சில இயற்கை வகுத்தவை. சில மாந்தர் வகுத்தவை. ஆறும் மலையும் கடலும் இயற்கை இட்ட கோடுகள். அவை வளைந்தும் நெளிந்தும் செல்லும். மாந்தர் இட்ட கோடுகளோ நூல் பிடித்தாற்போல நேராக ஓடும். அமெரிக்க ஐக்கிய நாட்டு மாநிலங்களுள் ஒன்றாகிய டெக்சாஸின் படத்தை நோக்கினால் இவ்விருவகைக் கோடுகளையும் ஒருங்கே காணலாம். தென்மேற்கில் ரியோ கிராண்டு ஆறும், கிழக்கில் சபைன் ஆறும், வடகிழக்கில் ரெட் ஆறும், தென்கிழக்கில் கடலும் அதற்கு எல்லைகளாக அமைந்துள்ளன. வடக்கே மட்டும் ஒரு பகுதி வாணலியின் கைப்பிடிபோல நீண்டு சென்று, கத்தியால் அரிந்தாற்போல நேர்கோட்டில் நின்றுவிடுகின்றது. அக்கோடு அவ்விடத்தில் நின்றது ஏன் என்று ஆராயப் புகுவார்க்கு, அடிமைமுறை என்னும் கொடுமையின் வரலாறும், அதனொடு பின்னிக் கிடக்கும் சாம் ஹூஸ்டன் என்னும் பெருவீரரின் வாழ்க்கையும் புலனாகும்.

இளமைப் பருவம்

சாம் ஹூஸ்டன் 1793ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 2ஆம் நாள் வர்ஜீனியா மாநிலத்தில் பிறந்தார். அவர்தம் இளமையிலேயே தந்தையார் காலமானார். அன்னையார் தம் மக்கள் ஒன்பதின்மரையும் அழைத்துக்கொண்டு டென்னசி மாநிலத்திற் சென்று குடியேறினார். ஹூஸ்டனுக்குப் பள்ளிப்படிப்பில் நாட்டம் மிகுதியாக இல்லை. ஆயினும் ஓமர் இயற்றிய இலியத்து என்னும் காப்பியத்தை அவர் பெருவிருப்புடன் பயின்றார். தமையன்மார் அவரைக் கடையிற் பணிபுரிய வற்புறுத்தவே, பதினாறு வயதளவில் வீட்டை விட்டு நீங்கி, அந்நாட்டுத் தொல்குடியினராகிய செரோக்கியரிடம் சென்று சேர்ந்தார். அவர்தம் தலைவர் ஹூஸ்டனைத் தம் மகனாகவே ஏற்றுக்கொண்டார். மூன்றாண்டுகள் அவர்களுடன் உண்டும் உறங்கியும், அவர்தம் மொழியையும் வழக்கங்களையும் கற்றும் ஹூஸ்டன் வாழ்ந்தார். அவ்வன்பு அவர் வாழ்நாள் முழுவதும் மாறவில்லை.

1813ஆம் ஆண்டில் அவர் படையிற் சேர்ந்தார். மறு ஆண்டு நிகழ்ந்த போர் ஒன்றில் தொடையில் அம்பும், தோளில் குண்டுகளும் பாய, இறந்துபடுவார் என்றே மருத்துவர் கைவிட்டனர். எனினும் உயிர் பிழைத்தெழுந்தார். பின்னர்ச் சட்டம் பயின்று வழக்கறிஞரானார். 1823இல் காங்கிரசு உறுப்பினரானார். 1827இல் டென்னசியின் ஆளுநருமானார். 1829ஆம் ஆண்டில் இல்வாழ்க்கையில் நேர்ந்த பிரிவு அவர் உள்ளத்தை உடைத்தது. அவர் ஆளுநர் பதவியைத் துறந்து, மீண்டும் செரோக்கியரை அடைந்தார். 1832ஆம் ஆண்டின் இறுதியில் அவர் டெக்சாஸ் மண்ணில் அடி வைத்தார்.

அந்நாளைய டெக்சாஸ்

அக்காலத்தில் டெக்சாஸ் மெக்சிகோ நாட்டின் ஒரு பகுதியாக இருந்தது. மக்கள் குறைந்த அந்நிலத்தைப் பண்படுத்தக் கருதிய மெக்சிகோ அரசு, அமெரிக்கரை அங்குக் குடியேற இசைந்தது. ஆயிரக்கணக்கானோர் வந்தனர். அவருட் பலர் பருத்தி பயிரிட விரும்பியவர். பருத்திக் காட்டில் உழைப்பதற்கென்று கறுப்பின மக்களை அடிமைகளாகக் கொணர்ந்தனர். மெக்சிகோவின் சட்டமோ அடிமைமுறைக்கு மாறானது. ஆகவே, குடியேறியோர் ஒரு சூழ்ச்சி செய்தனர். தம் அடிமைகளை 99 ஆண்டுகள் ஊழியம் புரிவதாக ஒப்பந்தம் எழுதச் செய்து, அவர்களை ஊழியர் என்று பெயர் மாற்றி அழைத்தனர். பெயர் மாறியதேயன்றித் தளை அறுந்ததில்லை.

1829ஆம் ஆண்டில் மெக்சிகோவின் குடியரசுத் தலைவர் கெரேரோ அடிமைமுறையை ஒழித்து ஆணையிட்டார். டெக்சாஸ் குடியேறிகள் முறையிட்டு அதினின்றும் விலக்குப் பெற்றனர். 1830ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட சட்டம் அமெரிக்கரின் குடியேற்றத்தையும், புதிய அடிமைகளைக் கொணர்வதையும் தடுத்தது. இவற்றால் மனக்கசப்பு வளர்ந்தது. சாண்டா அன்னா என்னும் தலைவர் மாநிலங்களின் உரிமைகளைப் பறித்து ஆட்சியைத் தம் கையில் குவித்துக்கொள்ளவே, 1835ஆம் ஆண்டில் கிளர்ச்சி மூண்டது. உரிமை வேட்கையும் அடிமைகளை இழந்துவிடுவோமோ என்னும் அச்சமும் அக்கிளர்ச்சியில் கலந்தே நின்றன.

சான் ஹசிந்தோ வெற்றி

1836ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 2ஆம் நாள் டெக்சாஸ் தன்னைத் தனிநாடாக அறிவித்துக்கொண்டது. ஹூஸ்டன் படைத்தலைவராக அமர்த்தப்பெற்றார். நான்கு நாள் கழித்து அலமோக் கோட்டை வீழ்ந்தது. அதனைக் காத்து நின்றோர் மாண்டனர். ஹூஸ்டன் சினத்தால் அறிவிழக்கவில்லை. பின்வாங்கிப் பின்வாங்கி, வீரரைத் திரட்டி, காலம் பார்த்திருந்தார். கோழை என்று தம்மவரே பழித்ததையும் பொறுத்துக்கொண்டார். ஏப்பிரல் 21ஆம் நாள் பிற்பகல், சான் ஹசிந்தோ ஆற்றருகே மெக்சிகோப் படையினர் அயர்ந்திருந்த நேரம் பார்த்துத் தாக்கினார். 18 நிமிடங்களில் போர் முடிந்தது. மறுநாள் சாண்டா அன்னா சிறைப்பட்டார். அவரைக் கொன்றுவிட வேண்டும் என்று வீரர் கொதித்தெழுந்தனர். கணுக்காலிற் குண்டுபட்டு மரத்தடியிற் கிடந்த ஹூஸ்டன், இறந்த பகைவனைவிட உயிருடன் உள்ள பகைவனால் நாட்டிற்குப் பயன் மிகுதி என்பதை உணர்ந்து, அவர் உயிரைக் காத்தார்.

ஹூஸ்டன் புதிய குடியரசின் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அக்குடியரசின் அரசியல் சட்டம் அடிமைமுறைக்கு முழுக்காவல் அளித்தது. உரிமை பெற்ற கறுப்பினத்தவர் ஒருவர் அம்மண்ணில் வாழ வேண்டுமாயின் காங்கிரசின் இசைவைப் பெறுதல் வேண்டும் என்றும் விதித்தது. விடுதலை விடுதலை என்று முழங்கியோர் பிறர் விடுதலையை மறுத்த முரண்பாட்டை என்னென்பது!

எல்லை வழக்கு

குடியரசு பிறந்ததும் அதன் எல்லை யாது என்னும் வினா எழுந்தது. மெக்சிகோவின் ஆட்சியில் டெக்சாஸின் தென்னெல்லை நூவேசஸ் ஆறாக இருந்தது. புதிய குடியரசோ, அதற்கும் அப்பாலுள்ள ரியோ கிராண்டு ஆற்றை, அதன் கழிமுகம் முதல் தோற்றுவாய்வரை தன் எல்லை என்று 1836ஆம் ஆண்டு டிசம்பரில் சட்டம் இயற்றியது. அச்சட்டப்படி, டெக்சாஸின் ஆட்சி ஒருநாளும் நடவாத சாண்டா பே நகரமும் அதனுள் அடங்கிற்று. ஹூஸ்டனுக்குப் பின் தலைவரான லமார், 1841இல் அந்நகர் நோக்கி ஒரு கூட்டத்தை அனுப்பினார். சென்றோர் அனைவரும் சிறைப்பட்டனர். ஏட்டில் எழுதிய எல்லை நாட்டில் செல்லவில்லை.

நிலவழக்கு மற்றொரு வகையிலும் கொடுமை விளைத்தது. செரோக்கியருக்கு அவர் வாழும் நிலத்தை உரிமையாக்கி 1836ஆம் ஆண்டில் ஹூஸ்டன் ஓர் உடன்படிக்கை செய்திருந்தார். குடியரசின் மேலவை அதனை ஏற்க மறுத்தது. 1839இல் லமார் அவர்களைப் படைகொண்டு துரத்தினார். தம்மை மகனென வளர்த்த குலத்தார் வீடிழந்து சென்றது ஹூஸ்டனின் நெஞ்சைப் புண்ணாக்கியது. அவர் அச்செயலை வெளிப்படையாகவே கண்டித்தார். 1841ஆம் ஆண்டின் இறுதியில் மீண்டும் தலைவரானதும் தொல்குடியினருடன் அமைதி நாடினார்.

டெக்சாஸை அமெரிக்க ஐக்கிய நாட்டுடன் இணைத்தல் வேண்டும் என்பதே ஹூஸ்டனின் நோக்கம். ஆனால், அது எளிதில் கைகூடவில்லை. அந்நாட்டின் வடமாநிலங்கள் அடிமைமுறையை விலக்கியவை. தென்மாநிலங்கள் அதனைப் போற்றியவை. டெக்சாஸ் சேர்ந்தால் அடிமை மாநிலங்களின் கை ஓங்கும் என்று வடவர் அஞ்சினர். எனவே, இணைப்பு ஒன்பதாண்டுகள் தள்ளிச் சென்றது. இறுதியில் 1845ஆம் ஆண்டு டிசம்பர் 29ஆம் நாள் டெக்சாஸ் ஒரு மாநிலமாயிற்று. ஹூஸ்டன் அம்மாநிலத்தின் சார்பில் மேலவை உறுப்பினரானார். எல்லை வழக்கு காரணமாக 1846இல் மெக்சிகோவுடன் போர் மூண்டது. 1848ஆம் ஆண்டு உடன்படிக்கையால் ரியோ கிராண்டு ஆறே இரு நாட்டிற்கும் எல்லை என்று முடிவாயிற்று.

1850ஆம் ஆண்டு உடன்பாடு

தெற்கெல்லை தீர்ந்ததும் மேற்கெல்லை வழக்கு முற்றியது. சாண்டா பே உள்ளிட்ட நியூ மெக்சிகோ நிலம் தனக்கே உரியது என்றது டெக்சாஸ். அந்நில மக்களோ டெக்சாஸின் கீழ் வாழ விரும்பவில்லை. அது டெக்சாஸைச் சேருமாயின் அடிமைமுறையும் உடன் சேரும் என்பதை வடவர் உணர்ந்திருந்தனர். டெக்சாஸ் படை அனுப்புவதாக அச்சுறுத்தியது. மைய அரசின் படை ஆங்கே காவல் நின்றது. உள்நாட்டுப் போர் 1850ஆம் ஆண்டிலேயே மூண்டுவிடும் போலத் தோன்றியது.

அவ்வமயம் ஹூஸ்டன், தம் மாநிலத்தின் உரிமைக்காக வாதிட்டபோதிலும், கூட்டாட்சி உடையாமற் காக்கும் உடன்பாட்டின் பக்கமே நின்றார். செப்டம்பரில் சட்டம் நிறைவேறியது. டெக்சாஸ் மேற்கிலும் வடக்கிலும் பெருநிலப்பரப்பின் மீதிருந்த தன் கோரிக்கையைக் கைவிட்டது. அதற்கு ஈடாக 1 கோடி டாலர் பெற்றுத் தன் பழங்கடன்களைத் தீர்க்க வழி கண்டது. அன்று விட்ட நிலங்கள் பின்னாளில் நியூ மெக்சிகோ, கொலராடோ, கான்சஸ், ஒக்லகோமா, வயோமிங் ஆகிய மாநிலங்களிற் பகுதிகளாயின.

வடகோடியின் எல்லை மட்டும் 36 பாகை 30 கலை என்னும் அட்சரேகையில் ஏன் நின்றது? 1820ஆம் ஆண்டு மிசௌரி உடன்பாடு, அக்கோட்டிற்கு வடக்கே மேற்குப்புற நிலங்களில் அடிமைமுறை கூடாது என்று விதித்திருந்தது. டெக்சாஸை இணைத்த தீர்மானமும் அக்கோட்டையே வற்புறுத்தியது. அதற்கு வடக்கே நிலம் வைத்திருந்தால் அங்கே அடிமைகளை வைத்திருத்தல் இயலாது. ஆகவே, டெக்சாஸ் அக்கோட்டோடு தன் எல்லையை முடித்துக்கொண்டது. நிலத்தை விட மனமிருந்தது. அடிமையை விட மனமில்லை! அக்கோட்டிற்கும் 37ஆம் பாகையில் அமைந்த கான்சஸின் தென்னெல்லைக்கும் இடையே எஞ்சிய நீள்துண்டு, 1890இல் ஒக்லகோமாவுடன் சேரும்வரை எவ்வரசின் ஆட்சியும் இன்றி, யாருக்கும் உரியதல்லாத நிலமாகவே கிடந்தது.

கூட்டாட்சிக்காக இழந்த பதவி

1854ஆம் ஆண்டில், அடிமைமுறையை அக்கோட்டிற்கு வடக்கேயும் பரவவிடும் கான்சஸ் நெபிராஸ்காச் சட்டம் வந்தது. தென்னாட்டு உறுப்பினர் ஏறக்குறைய அனைவரும் அதனை ஆதரிக்க, ஹூஸ்டன் எதிர்த்து வாக்களித்தார். பழைய உடன்பாட்டைக் கிழித்தால் நாடு இரண்டாகும் என்றும், தொல்குடியினருக்கு அளித்த உறுதிமொழிகள் பொய்யாகும் என்றும் எச்சரித்தார். சொந்த மாநிலத்தின் சட்டமன்றமே அவரைக் கண்டித்தது. 1857ஆம் ஆண்டு ஆளுநர் தேர்தலில் தோற்றார். மனம் தளராது முயன்று 1859இல் வென்றார்.

அதற்குள் காலம் கைமீறியிருந்தது. 1850இல் 58,000க்கு மேற்பட்டிருந்த டெக்சாஸின் அடிமைகள் தொகை, 1860இல் 1,82,000ஐயும் கடந்தது. பருத்திச் செல்வம் பெருகப் பெருக, அதனைக் காக்கக் கூட்டாட்சியையும் உடைக்கலாம் என்னும் எண்ணம் வலுத்தது. 1861ஆம் ஆண்டு பிப்பிரவரியில் டெக்சாஸ் பிரிந்தது. மார்ச்சுத் திங்கள் 16ஆம் நாள், புதிய கூட்டரசிற்கு உறுதிமொழி எடுக்க ஆளுநரின் பெயர் அழைக்கப்பட்டது. ஹூஸ்டன் சென்றிலர். அன்றே பதவியிழந்தார். அவருக்குப் படையுதவி செய்யக் குடியரசுத் தலைவர் லிங்கன் முன்வந்தார். தம் பதவிக்காக டெக்சாஸ் மண்ணில் குருதி சிந்துவதை விரும்பாத ஹூஸ்டன் அதனை மறுத்து, அமைதியாக இல்லம் ஏகினார். மூத்த மகனோ தென்னவர் படையிற் சேர்ந்து போரில் புண்பட்டான். நாடு பிளந்ததுபோலவே அவர்தம் குடும்பமும் துயருற்றது. 1863ஆம் ஆண்டு சூலைத் திங்கள் 26ஆம் நாள், போர் முடியுமுன்னரே, ஹன்ட்ஸ்வில் என்னும் ஊரில் ஹூஸ்டன் உயிர் நீத்தார்.

ஹூஸ்டன் குறையற்றவர் அல்லர். அடிமைமுறை பரவுவதை எதிர்த்த அவர் தம் வீட்டிலும் அடிமைகளை வைத்திருந்தார். நாட்டின் ஒருமையைக் காக்க அனைத்தையும் துறந்த அவருக்கும், அவ்வொருமையை அரித்த நோயின் வேரைத் தம் முற்றத்திலிருந்து களைய இயலவில்லை. பெரியோரின் வாழ்விலிருந்து அவர்தம் உயர்வை மட்டுமன்றி, அவர் தவறிய இடத்தையும் அறிதல் வேண்டும்.

1865ஆம் ஆண்டு சூன் 19ஆம் நாள், கால்வெஸ்டன் துறைமுகத்தில் விடுதலை ஆணை அறிவிக்கப்பட்டது. டெக்சாஸில் ஏறத்தாழ 2,50,000 அடிமைகள் அன்று உரிமைக்கு ஆளாயினர். அந்நாளை அமெரிக்கர் 2021ஆம் ஆண்டு முதல் தேசிய விடுமுறை நாளாகப் போற்றுகின்றனர். அடிமைமுறை அழிந்தது, அதற்காக இட்ட கோடு மட்டும் நிலப்படத்தில் நிற்கின்றது. நிலத்தின்மேல் எல்லை வகுப்பது எளிது. மாந்தர் உரிமைக்கு எல்லை வகுக்க முற்படும் நாடு தன் அமைதியையே இழக்கும் என்பதை அந்நேர்கோடு இன்றும் நமக்கு உணர்த்திக்கொண்டிருக்கின்றது.