பதினான்கு கல்

ஒரகடத்திலும் திருப்பெரும்புதூரிலும் இரவு வேலை முடித்து, கம்பெனிப் பேருந்தில் காஞ்சிபுரம் திரும்பும் தோழர்கள் பலர். சன்னலோரம் தலை சாய்த்துத் தூங்கிவரும் அந்தத் தோழர்களை ஒன்று கேட்கிறோம். காஞ்சிக்கு வடக்கே புள்ளலூர் என்றோர் ஊர் உண்டே, அறிவீர்களா? அங்கேதான் 1780 செப்டம்பர் 10 அன்று, இந்திய மண்ணில் அதுவரை காணாத தோல்வியைக் கண்டது வெள்ளைக் கும்பினி. தோற்கடித்தவர் ஐதர் அலி. எழுதப் படிக்கத் தெரியாதவர்!

அரண்மனையில் பிறந்தவரா? இல்லை. கோலார்ப் பக்கம் பூதிக்கோட்டையில் ஒரு படைத்தலைவனின் மகன். தந்தை போரில் மாண்டார். வீட்டுப் பொருளைப் பறிக்க வந்த அப்பாசு குலிகான் என்ற அதிகாரி, ஐதரையும் அண்ணனையும் முரசுக்குள் அடைத்து, தோலை இழுத்துக் கட்டி வதைத்தானாம். சிறு பிள்ளைகள்! அந்த முரசின் இருட்டை ஐதர் மறக்கவில்லை. அப்பாசும் மறக்கவில்லை. ஆண்டுகள் பல கழித்து ஐதர் சென்னை வாசலில் வந்து நின்றபோது, அந்த ஆள் ஓட்டைக் கப்பலொன்றில் ஏறிக் கடலுக்குள் ஓடினான் என்று, கும்பினி அதிகாரியாகவே மைசூரில் இருந்த வில்க்ஸ் தன் வரலாற்று நூலில் எழுதி வைத்திருக்கிறான்.

1749இல் தேவனஹள்ளி முற்றுகையில் சாதாரணப் படைவீரராகத் தலைகாட்டிய ஐதர், 1755இல் நம் திண்டுக்கல்லின் ஆட்சித் தலைவரானார். பிரெஞ்சுக்காரரை அமர்த்தி அங்கே ஆயுதப் பட்டறை அமைத்தார்.

படிக்காதவர்தான், ஆனால் எழுத்தின் வலிமை அவருக்கா தெரியாது? அவரிடமே கணக்கு எழுதிய கண்டேராவ், அவரை வீழ்த்தக் கிளம்பினான். 1761இல் ஐதரின் படை சுருங்கிக் கிடந்த நேரம். முன்னாள் அமைச்சர் நஞ்சராசரின் முத்திரையோடு சில கடிதங்கள் புறப்பட்டன. கண்டேராவைப் பிடித்துக் கொடுப்பதாகச் சொன்னீர்களே, செய்யுங்கள் என்று அவனுடைய படைத்தலைவர்களுக்கே எழுதிய கடிதங்கள்! அவை உரியவர் கைக்குப் போகவேண்டும் என்பதல்ல திட்டம். கண்டேராவ் கையில் சிக்கவேண்டும் என்பதே திட்டம். சிக்கின. படித்தான், பதறினான், தன் படையைத் தானே விட்டுக் குதிரையேறி ஓடினான். எழுதத் தெரிந்தவனை எழுத்தாலேயே வீழ்த்தினார், எழுதத் தெரியாதவர்.

1769இலும் அதே கைவரிசைதான். ஆங்கிலப் படையை அங்குமிங்கும் அலையவிட்டுத் தொலைதூரம் இழுத்துவிட்டு, 6,000 குதிரைவீரரோடு 130 கல்லை மூன்றரை நாளில் கடந்து பரங்கிமலைப் பக்கம் வந்து நின்றார். கோட்டையில் இருந்தவர்கள் உடன்படிக்கைக்கு இறங்கி வந்தார்கள். இடர் வந்தால் ஒருவர்க்கொருவர் துணை என்றார்கள். மராத்தியர் படையெடுத்தபோது துணை வரவில்லை. 1779இல் ஐதரின் பாதுகாப்பில் இருந்த மாகியையும் பிடித்துக்கொண்டார்கள். ஐதர் பொறுத்தது போதும் என்று 1780 ஜூலையில் செங்கம் கணவாய் வழியாக இறங்கினார்.

இனி நம் ஊர்க் கதை. குண்டூரிலிருந்து வந்த கர்னல் பெய்லி, ஆகஸ்டு 25 அன்று கொசத்தலை ஆற்றங்கரையை அடைந்தான். ஆற்றில் தண்ணீர் இல்லை. அன்றே கடந்திருக்கலாம். காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்று வடகரையில் கூடாரம் போட்டான். இரவில் மழை! வெள்ளம் அவனை ஒரு வாரத்துக்கு மேல் கரையிலேயே உட்காரவைத்தது.

காஞ்சியில் தளபதி மன்றோ காத்திருந்தான். சென்னையில் குதிரைமேல் சிலையாக இருக்கும் தாமஸ் மன்றோ அல்லன். இவன் பக்சார் போரில் வென்ற ஹெக்டர் மன்றோ. செப்டம்பர் 6 அன்று பேரம்பாக்கத்தில் திப்பு பெய்லியை மறித்துத் தாக்கினார். பேரம்பாக்கத்துக்கும் காஞ்சிக்கும் இடையே 14 கல். இன்றைய கணக்கில் 22 கிலோமீட்டர். பேருந்தில் ஒரு குட்டித் தூக்கத்தின் தொலைவு! அந்த 14 கல்லில் என்ன நடக்கிறது என்பது மன்றோவுக்குத் தெரியவில்லை. ஐதருக்கோ எல்லாம் தெரிந்தது. மன்றோ நம்பிய வழிகாட்டிகளும் ஒற்றர்களும் ஐதரிடம் கூலி வாங்கியவர்கள்! உதவிக்கு அனுப்பப்பட்ட பிளெச்சர் மட்டும் வழிகாட்டியைச் சந்தேகித்து, சுற்றுவழியில் போய்ப் பெய்லியோடு சேர்ந்தான். மற்றபடி எத்தனை பேர், எப்போது புறப்பாடு, எல்லாம் ஐதரின் காதுக்கு வந்துகொண்டிருந்தன.

பணம் மட்டுமா காரணம்? நாம் அப்படி நினைக்கவில்லை. இந்தச் செங்கற்பட்டுச் சீமை 1763இல் ஆற்காட்டு நவாபு கும்பினிக்கு எழுதிக்கொடுத்த நிலம். நவாபு வாங்கிய கடனுக்கு உழவன் வரி கட்டினான். அப்படிப்பட்ட நாட்டில், கோட்டைக்காரனுக்கு உண்மைச் செய்தியை யார் கொண்டுபோய்க் கொடுப்பார்கள்?

9ஆம் தேதி இரவு பெய்லி வழியில் தங்கினான். ஐதரின் படையும் பீரங்கிகளும் ஓசையின்றி நகர்ந்தன. விடிந்ததும் புள்ளலூரில் நாலாபுறமும் நெருப்பு. இரும்புக் குழாயில் மருந்தடைத்த மைசூர் வாணங்கள் சீறின. இரும்போடு வாழும் தோழர்களே, அந்தக் குழாய்களைச் செய்தவர்களும் உங்களைப் போன்ற பட்டறைத் தொழிலாளர்கள்தாம்! பெய்லியின் வெடிமருந்து வண்டிகள் வெடித்துச் சிதறின. பிளெச்சர் மாண்டான். பெய்லி சிறைப்பட்டு, 1782இல் சீரங்கப்பட்டணத்தில் இறந்தான். மன்றோ பெரிய பீரங்கிகளைக் காஞ்சிக் குளத்தில் தள்ளிவிட்டுச் செங்கற்பட்டுக்கு ஓடினான்.

ஐதரைப் பாராட்டுகிறோம் என்பதற்காக ஒன்றை மறைக்க மாட்டோம். கும்பினிக்குத் தீனி கிடைக்கக்கூடாது என்று அவர் குதிரைப்படை எரித்தது நம் ஊர்களைத்தான். மாடு போனது, விதைநெல் போனது, ஏரிகள் பாழாயின. பஞ்சம் வந்தது. பசித்தவர்கள் சென்னைக்கு ஓடினார்கள். அவர்களுக்காக 1782இல் எழுந்ததுதான் மணியக்காரர் சத்திரத்துக் கஞ்சித்தொட்டி. இன்றைய ஸ்டான்லி மருத்துவமனையின் வேர் அது. வெற்றியின் கணக்கில் இதையும் எழுதத்தான் வேண்டும்.

1781இல் பரங்கிப்பேட்டையில் ஐதர் தோற்றார். முதுகில் ராஜபிளவை. 1782 டிசம்பர் 7 அன்று சித்தூர் அருகே படைவீட்டில் உயிர் பிரிந்தது. திப்புவோ தொலைவில், மலையாளக் கரையில். செய்தி வெளியே தெரிந்தால் படை கலைந்துவிடும். பூர்ணையாவும் கிருஷ்ணராவும் உடலை ஒரு பெட்டியில் வைத்து, கருவூலப் பொருளை அனுப்புவதுபோல் காவலோடு கோலாருக்கு அனுப்பினார்கள். பாளையத்தில் எல்லாம் வழக்கம்போல. ஐதர் உடல்நலமில்லாமல் இருக்கிறார், அவ்வளவுதான்! சென்னையில் இருந்தவர்களுக்குச் செய்தி சில நாளிலேயே எட்டியது. இந்த முறை அது மெய்ச்செய்தி. ஆயினும் அவர்கள் படை அசையவில்லை. திப்பு வந்து சேர்ந்து, தந்தையின் படையை ஏற்றுக்கொண்டார்.