கணிப்பொறிக்கு மொழி தந்த மாதரசி

கைபேசிக்கு விளையாட்டு ஒன்றை அமைக்க விரும்புகிறவர் இன்று எல்லாவற்றையும் தாமே தொடக்கத்திலிருந்து எழுதுவதில்லை. படம் காட்டவும், ஒலி எழுப்பவும், விரல் தொட்ட இடத்தை அறியவும் வேண்டிய நிரல்கள் முன்பே எழுதப்பட்டு ஒரே தொகுப்பாகக் கிடைக்கின்றன. அதனை எஸ்.டி.கே. என்பர். தச்சருக்குக் கருவிப் பெட்டி எப்படியோ, நிரல் எழுதுவோருக்கு அது அப்படி. ஒருவர் எழுதியதைப் பலரும் எடுத்தாளலாம் என்னும் இவ்வெண்ணத்திற்கு வித்திட்டவர்களுள் ஒருவர் கிரேஸ் ஹாப்பர் அம்மையார்.

அம்மையார் 1906ஆம் ஆண்டு டிசம்பர் 9ஆம் நாள் நியூயார்க் நகரில் பிறந்தார். ஏழு வயதில் வீட்டிலிருந்த ஏழு கடிகாரங்களையும் ஒவ்வொன்றாகக் கழற்றிப் பார்த்தாராம். அன்னையார் அந்த ஆர்வத்தை அடக்கவில்லை. இனி ஒரு கடிகாரத்தோடு நிறுத்திக்கொள்ளும்படி மட்டும் கூறினார். பதினாறாம் வயதில் வாசர் கல்லூரியில் சேர முயன்றபோது, இலத்தீன் மொழியில் மதிப்பெண் குறைந்ததால் இடம் கிடைக்கவில்லை. மனம் தளராமல் மறு ஆண்டு முயன்று சேர்ந்தார். 1928இல் பட்டமும், 1934இல் யேல் பல்கலைக்கழகத்தில் கணிதத்தில் முனைவர் பட்டமும் பெற்றார். தாம் பயின்ற வாசரிலேயே ஆசிரியையானார்.

இரண்டாம் உலகப் போர் மூண்டது. கடற்படையில் சேர விரும்பிய அம்மையாருக்கு வயது அதிகம் என்றனர். எடை 15 பவுண்டு குறைவு என்றனர். அவர் விடவில்லை. தனி அனுமதி பெற்று 1943இல் சேர்ந்தார். மறு ஆண்டு ஹார்வர்டு பல்கலைக்கழகத்திலிருந்த மார்க் 1 என்னும் கணிப்பொறியில் பணிபுரிய அனுப்பப்பட்டார். 51 அடி நீளமும் 8 அடி உயரமும் கொண்ட அந்த இயந்திரத்திற்கு விரிவான கையேட்டையும் அவரே உருவாக்கினார்.

அந்நாளில் நிரல் எழுதுவோர், நன்கு வேலை செய்த சிறு சிறு பகுதிகளைக் குறிப்பேட்டில் எழுதி வைத்துக்கொள்வர். வேண்டும்போது ஒருவர் ஏட்டிலிருந்து மற்றவர் கையால் படியெடுப்பார். படியெடுக்கையில் எழுத்து மாறும், எண் தவறும், பிழையைத் தேடுவதிலேயே நாட்கள் கழியும். படியெடுக்கும் வேலையை ஏன் இயந்திரத்திடமே விடக்கூடாது என்று அம்மையார் சிந்தித்தார். 1949இல் யூனிவாக் கணிப்பொறியை உருவாக்கிய நிறுவனத்தில் சேர்ந்த அவர், அப்பகுதிகளைக் காந்த நாடாவில் தொகுத்து, ஒவ்வொன்றுக்கும் ஓர் அழைப்பெண் கொடுத்தார். அழைப்பெண்ணைக் குறித்தால் போதும்; கணிப்பொறியே உரிய பகுதியைத் தேடி எடுத்து முழு நிரலாகக் கோத்துவிடும். 1952இல் உருவான இதற்கு ஏ-0 என்று பெயர். கணிப்பொறி கணக்கு மட்டுமே போடும், நிரல் எழுதாது என்று கூறிப் பலர் நம்ப மறுத்தனர். அடுத்து வந்த ஏ-2, 1953இல் வாடிக்கையாளருக்கு அதன் மூல நிரலோடு வழங்கப்பட்டது. அதைத் திருத்தி மேம்படுத்தி அனுப்பும்படி அவர்களையே அழைத்தனர். கருவிகளைப் பலருக்கும் பகிர்ந்தளிக்கும் இன்றைய பழக்கத்தை அன்றே இங்குக் காண்கிறோம்.

பின்னர், வணிகர்க்கும் அலுவலர்க்கும் புரியும் ஆங்கிலச் சொற்களாலேயே நிரல் எழுத வேண்டும் என்றார். பிரெஞ்சு, ஜெர்மன் சொற்களாலும் முடியும் என்று காட்டியபோது மேலாளர்கள் திகைத்துப் போயினர். ஆங்கிலம் மட்டுமே என்று உறுதியளித்த பின்புதான் பணி தொடர்ந்தது. அவ்வாறு பிறந்த ஃப்ளோ-மேட்டிக், 1959இல் திட்டமிடப்பட்ட கோபால் மொழிக்கு அடிப்படையாயிற்று. இன்றும் பல வங்கிகளின் கணக்குகளை அம்மொழியில் எழுதிய நிரல்களே கவனிக்கின்றன.

1966இல் ஓய்வு பெற்ற அம்மையாரை, மறு ஆண்டே ஆறு மாதப் பணிக்கெனக் கடற்படை திரும்ப அழைத்தது. ஆறு மாதம் பல ஆண்டுகளாக நீண்டது. ரியர் அட்மிரல் பதவி வரை உயர்ந்து, 1986இல் 79ஆம் வயதில் ஓய்வு பெற்றார். ஒரு நானோ நொடியில் ஒளி செல்லும் தொலைவைக் காட்ட, ஏறத்தாழ 30 சென்டிமீட்டர் நீளக் கம்பித் துண்டுகளைக் கூட்டங்களில் வழங்குவது அவர் வழக்கம். 1992ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள் மறைந்தார்.

தேர்வில் ஒருமுறை இடம் இழந்ததும், எடையும் வயதும் தடையாக நின்றதும் அம்மையாரின் பாதையை அடைக்கவில்லை. தாம் கண்ட எளிய வழியைத் தமக்கென்று ஒளித்து வைக்காமல் பிறர்க்கும் திறந்துவிட்டதே அவரது பெருமை. மாணவியராகிய நாமும் கற்றதைப் பகிர்ந்து வாழ்வோமாக!